ஒப்பந்தப்புள்ளி நிராகரிக்கப்பட்டால் சிறு நிறுவனங்கள் செய்ய வேண்டியவை

தமிழ்நாட்டில் அரசுத் துறையோ உள்ளாட்சி அமைப்போ கோரிய டெண்டரில் தன் ஒப்பந்தப்புள்ளி முறையின்றித் தள்ளப்பட்டதாகக் கருதும் சிறு நிறுவனம் முதலில் கணக்கிட வேண்டியது நாட்களைத்தான். தமிழ்நாடு ஒப்பந்தப்புள்ளி வெளிப்படைத்தன்மைச் சட்டம், 1998-இன் 11-ஆம் பிரிவின்படி, ஒப்பந்தப்புள்ளியை ஏற்கும் அதிகாரியின் ஆணை கிடைத்த நாளிலிருந்து 10 நாட்களுக்குள் அரசிடம் மேல்முறையீடு செய்ய வேண்டும். அரசு அதனை 15 நாட்களுக்குள் தீர்த்துவைக்க வேண்டும். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்கீழ் மனு அளித்து, பதில் வந்த பின் முறையிடலாம் என்று காத்திருப்பது பெரும் இழப்பில் முடியும். அந்தப் பதிலுக்கான கெடுவே 30 நாட்கள். மனுவை அனுப்புங்கள், ஆனால் அதற்காக மேல்முறையீட்டைத் தள்ளிப்போடாதீர்கள்.

மேல்முறையீட்டில் என்ன எழுதுவது என்பதில்தான் பலரும் தடுமாறுகிறார்கள். எங்கள் விலை நியாயமானது, எங்கள் வேலை தரமானது என்ற வாதங்களுக்கு அங்கே எடை குறைவு. டெண்டர் ஆவணத்தில் குறிப்பிடப்பட்ட அளவுகோல்களைக் கொண்டே மதிப்பீடு நடைபெற வேண்டும் என்று சட்டம் கூறுவதால், ஆவணத்தின் நிபந்தனை எண், அதற்கு நீங்கள் இணைத்த சான்றின் பக்க எண், அதிகாரி கூறிய காரணம் ஆகிய மூன்றையும் அருகருகே வைத்துக் காட்டுங்கள். ஆவணத்தில் இல்லாத நிபந்தனை புகுத்தப்பட்டதா, உங்களிடம் குற்றமாகக் கருதப்பட்ட அதே குறை வென்றவரிடம் மன்னிக்கப்பட்டதா என்பவையே கூர்மையான கேள்விகள். நிபந்தனையே ஒருவருக்காக வடிவமைக்கப்பட்டது என்பது உங்கள் புகாரானால், டெண்டருக்கு முந்தைய கூட்டத்திலேயே அதை எழுத்தில் தெரிவித்திருக்க வேண்டும். எதிர்ப்பின்றிக் கலந்துகொண்டு, தோற்ற பின் நிபந்தனையைக் குறை சொல்பவரின் வாதம் வலுவிழந்துவிடும்.

உயர் நீதிமன்றத்தில் அரசியலமைப்பின் 226-ஆம் உறுப்பின்கீழ் ரிட் மனு தாக்கல் செய்யும் வழியும் உண்டு. ஆனால் டாடா செல்லுலார் வழக்கிலிருந்து (1994) உச்ச நீதிமன்றம் தொடர்ந்து கூறிவருவது, முடிவு சரியா என்பதை விட முடிவெடுத்த முறை சரியா என்பதையே நீதிமன்றம் ஆராயும் என்பதாகும். என்.ஜி. புராஜெக்ட்ஸ் வழக்கில் (2022), பொதுப்பணிகளுக்கு இடைக்காலத் தடை விதிப்பதில் மிகுந்த தயக்கம் வேண்டும் என்றும் அது வலியுறுத்தியது. ஆகவே ஒப்பந்தம் கையெழுத்தாகி வேலை தொடங்கிய பின் செல்பவருக்குக் கிடைப்பது மிகக் குறைவு.

இனி டெண்டர்களில் பங்கேற்க முடியாதபடி கருப்புப் பட்டியலில் சேர்க்கும் ஆணை வந்தால் அதைத் தனியாகவே எதிர்க்க வேண்டும். அந்தத் தண்டனை உத்தேசிக்கப்படுவதைத் தெளிவாகச் சொல்லும் விளக்கம் கோரும் அறிவிப்பு முன்கூட்டியே தரப்படாவிட்டால் ஆணை நிலைக்காது என்பது கூர்க்கா செக்யூரிட்டி வழக்கின் (2014) தீர்ப்பு.

டெண்டரை வென்று பொருளை வழங்கிய பின்னும் பணம் வராமல் தவிக்கும் குறு, சிறு நிறுவனங்களுக்கு 2006-ஆம் ஆண்டின் குறு, சிறு மற்றும் நடுத்தர நிறுவனங்கள் மேம்பாட்டுச் சட்டம் உறுதியான துணை. ஒப்பந்தத்தில் எந்தக் கெடு எழுதப்பட்டிருந்தாலும் அது 45 நாட்களைத் தாண்டக் கூடாது. தாண்டினால் ரிசர்வ் வங்கியின் வங்கி விகிதத்தைப் போல் மூன்று மடங்கு வட்டி, மாதந்தோறும் கூட்டுவட்டியாகச் சேரும். சென்னை, கோயம்புத்தூர், மதுரை, திருச்சிராப்பள்ளி ஆகிய இடங்களில் உள்ள, இத்தகைய நிலுவைத் தகராறுகளைத் தீர்க்கும் வசதியாக்கல் மன்றங்களில் முறையிடலாம். ஒப்பந்தத்தில் தனியாக நடுவர் தீர்ப்பாய விதி இருந்தாலும் இந்த வழி அடைபடாது. மன்றத்தின் தீர்ப்பை எதிர்க்க விரும்பும் துறை முதலில் தொகையில் 75 விழுக்காட்டைக் கட்ட வேண்டும் என்பது சிறியவருக்குக் கிடைத்த அரிய பாதுகாப்பு.

இந்தப் பாதுகாப்பைப் பெற, குறு, சிறு, நடுத்தர நிறுவனங்களுக்கான அரசுப் பதிவான உத்யம் பதிவு ஒப்பந்தத்துக்கு முன்பே இருப்பது நல்லது. பின்னர் பெற்ற பதிவு பழைய ஒப்பந்தத்துக்கு உதவாது என்று உச்ச நீதிமன்றம் 2021-இல் கூறியிருக்கிறது. கட்டுமானப் பணிகளுக்கு இச்சட்டம் பொருந்துமா என்பதில் உயர் நீதிமன்றங்களிடையே கருத்து வேறுபாடு உள்ளதால், அத்தகைய பணிகளின் ஒப்பந்ததாரர்கள் மன்றத்தை அணுகுமுன் ஆலோசனை பெற வேண்டும். பொருளை ஒப்படைக்கும்போது தேதியிட்ட ஒப்புகையைத் தவறாமல் வாங்கிக்கொள்ளுங்கள். ஒப்படைத்த 15 நாட்களுக்குள் எழுத்துமூலம் ஆட்சேபம் வராவிட்டால், ஒப்படைத்த நாளே ஏற்றுக்கொண்ட நாளாகக் கருதப்பட்டு அதிலிருந்தே கெடு ஓடத் தொடங்கும்.