மியூசியத்தில் பார்த்ததை மொட்டைமாடியில் அச்சடிப்பது: பிள்ளைகளோடு லினோகட், முதல் முறை செய்பவர்களுக்கு

எங்கள் தெருப் பிள்ளைகள் எட்டுப் பேரைத் திருவனந்தபுரம் மியூசியத்துக்குக் கூட்டிப்போய், அங்கே பார்த்த ஓவியங்களை வைத்து லினோ அச்சு (லினோலியம் என்ற தரைவிரிப்புத் தகட்டில் படத்தைச் செதுக்கி, மை தடவித் தாளில் அடிப்பது) போடப் பழக்கலாம் என்று கிளம்பினேன். முதல் தடவை படு சொதப்பல். இரண்டாவது தடவை ஏதோ ஒப்பேறியது. மூன்றாவது தடவை அடித்த தாள்களைத்தான் பிள்ளைகள் சட்டம் போட்டு வீட்டில் மாட்டியிருக்கிறார்கள். அந்த மூன்றாவது தடவையின் செய்முறை இது. மார்த்தாண்டம், குழித்துறை, களியக்காவிளைக்காரர்களை மனதில் வைத்து எழுதுகிறேன். பாறசாலை, நெய்யாற்றின்கரைப் பக்கத்துத் தமிழ்க் குடும்பங்களுக்கு இன்னும் சுலபம்.

ஓவியத்தையும் அச்சையும் ஏன் முடிச்சுப் போட வேண்டும்? எங்கள் பாட்டி வீட்டுப் பூஜை அறையில் ரவிவர்மாவின் லட்சுமி படம் உண்டு. இந்தப் பக்கம் அநேகமாக எல்லா வீட்டிலும் இருக்கும். அது வரைந்த படம் என்றே வெகுநாள் நினைத்திருந்தேன். கிளிமானூரில் 1848-இல் பிறந்த ரவிவர்மா, 1894-இல் பம்பாயில் சொந்தமாக அச்சகம் தொடங்கி, தன் ஓவியங்களைக் கல்லச்சில் வண்ணப்படங்களாக அடித்து விற்றார். ஒவ்வொரு நிறத்துக்கும் ஒரு கல். அரண்மனைச் சுவரில் இருந்த லட்சுமி நம் பூஜை அறைக்கு வந்தது அந்த வழியாகத்தான். மூலத்தை மியூசியத்தில் பார்த்துவிட்டு, படம் எப்படிப் பெருகுகிறது என்பதைக் கையால் செய்து பார்த்தால் பிள்ளைகளுக்கு விஷயம் பிடிபடும். ஒன்றுமட்டும் முதலிலேயே சொல்லிவிடுகிறேன். கல்லச்சு வேறு, லினோ வேறு. கல்லச்சில் மேடு பள்ளம் கிடையாது. எண்ணெயும் தண்ணீரும் ஒட்டாது என்ற குணத்தை வைத்து நடப்பது அது. லினோவில் வெட்டின பள்ளம் வெள்ளையாக நிற்கும், விட்ட மேடு மையை வாங்கும். ரப்பர் ஸ்டாம்பின் அண்ணன் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

நாள் பார்ப்பது

திங்கள்கிழமை விடுமுறை. புதன்கிழமை காலையும் திறக்க மாட்டார்கள், மதியத்துக்கு மேல்தான். நான் முதல் தடவை போனது புதன் காலை. எட்டுப் பிள்ளைகளும் நானும் மரத்தடியில் உட்கார்ந்து, மத்தியானத்துக்குக் கட்டிக்கொண்டு வந்த சோற்றைப் பத்தரை மணிக்கே தின்று தீர்த்தோம்.

குழித்துறையிலிருந்து ரயிலில் போங்கள். பஸ் என்றால் பாலராமபுரத்து நெரிசலிலேயே பாதிப் பிள்ளைகள் வாந்தி எடுத்துவிடும். தம்பானூரில் (திருவனந்தபுரம் சென்ட்ரல்) இறங்கினால் மியூசியம் ஏறக்குறைய 3 கிலோமீட்டர்.

அச்சடிப்பதை அதே நாளில் வைக்காதீர்கள். நான் வைத்தேன். சாயங்காலம் ஐந்து மணிக்கு மேல் களைத்துப்போன பிள்ளைகள் கையில் கூர்மையான உளியைக் கொடுத்ததன் பலன், இரண்டு பேருக்கு விரலில் பிளாஸ்திரி. மறுநாள் காலைதான் சரி.

மியூசியத்தில் மூன்றே படம்

வழிகாட்டியாக எங்களோடு வந்தவர் ஓய்வுபெற்ற ஒரு டிராயிங் மாஸ்டர். அவர் போட்ட சட்டம் இது: மூன்று படத்துக்கு மேல் பார்க்கக் கூடாது, ஒவ்வொன்றின் முன்னாலும் பத்து நிமிஷம் தரையில் உட்கார வேண்டும். எனக்கு மனசே வரவில்லை. இவ்வளவு தூரம் வந்துவிட்டு மூன்றா? ஆனால் அவர் சொன்னதுதான் சரி என்று மறுநாள் தெரிந்தது.

வளாகத்துக்குள் நேப்பியர் மியூசியம் இருக்கிறது. ராபர்ட் சிஸ்ஹோம் என்ற ஆங்கிலேயக் கட்டடக் கலைஞர் வடிவமைத்து 1880-இல் கட்டி முடித்தது. அதை வெளியே நின்று பார்த்தாலே போதும். பட்டை பட்டையாக நிறம் அடித்த சுவரும் கூரை முகப்புகளும் அப்படியே லினோவுக்காகச் செய்தவை போல இருக்கும். ஸ்ரீ சித்ரா ஓவியக் கூடம் 1935-இல் திறந்தது. ரவிவர்மாவுக்கு இப்போது அதே வளாகத்தில் தனிக் கட்டடமே வந்துவிட்டது. நாங்கள் பார்த்தவற்றில் பிள்ளைகளுக்குப் பிடித்தது அன்னத்தோடு பேசும் தமயந்தி. சகுந்தலை காலில் முள் எடுப்பதுபோல் நடித்துத் திரும்பிப் பார்ப்பது அடுத்தது. "முள்ளே இல்லியேக்கா!" என்று ஒருத்தி கண்டுபிடித்தாள்.

உள்ளே போனில் படம் எடுக்கலாம் என்ற நினைப்பே வேண்டாம், பென்சிலை நம்பிப் போங்கள். பேனா கூடாது. போஸ்ட்கார்டில் பாதி அளவுக்கு ஓர் அட்டை, ஒரு 2பி பென்சில். மாஸ்டர் சொல்லித்தந்த வித்தை: கண்ணை இடுக்கிக்கொண்டு படத்தைப் பார்க்க வேண்டும். நிறமெல்லாம் மங்கி, இருட்டும் வெளிச்சமும் மட்டும் மிஞ்சும். அந்த இருட்டை மட்டும் அட்டையில் நிரப்ப வேண்டும். சாம்பல் நிறத்துக்கு இடமில்லை. முழுப் படத்தையும் வரைய விடாதீர்கள். அன்னத்தின் கழுத்து வளைவு ஒன்று போதும், சேலை மடிப்பு நாலு போதும்.

என்னென்ன வாங்குவது

லினோவில் பின்பக்கம் சாக்குத்துணி ஒட்டின பழுப்பு நிறத்தையே வாங்குங்கள். இளஞ்சிவப்பில் ரப்பர் மாதிரி ஒன்று ஆன்லைனில் கிடைக்கிறது. வெண்ணெய் போல வெட்டலாம் என்பார்கள். வெண்ணெய் போலவே வழுக்கிக்கொண்டும் போகும், கோடு நிற்காது. எனக்குப் பிடிக்கவில்லை.

ஒரே பிளாஸ்டிக் கைப்பிடியில் மாற்றி மாற்றிச் செருகும் ஆறு பிளேடு செட்டும் வேண்டாம். பிளேடு ஆடும். முனை V வடிவத்தில் ஒரு வி உளி, U வடிவத்தில் ஒரு யூ உளி, இரண்டும் நல்லதாக இருந்தால் போதும். எங்கள் ஊர் ஆசாரி ஒருவர் தீட்டிக் கொடுத்தார். அப்புறம் நானே பழைய தோல் பெல்டின் உள்பக்கத்தில் இழுத்து இழுத்துக் கூர் ஏற்றப் பழகிக்கொண்டேன்.

மை தேடி அலைய வேண்டாம். பக்கத்து ஆப்செட் பிரஸ்ஸில் கேட்டால் கறுப்பு மை ஓர் உருண்டை கொடுப்பார்கள். மை உருட்ட ஒரு டைல்ஸ், ஒரு ரப்பர் ரோலர், 80 ஜிஎஸ்எம் வெள்ளைத்தாள், தேய்க்க ஒரு சிரட்டை அகப்பை. இவ்வளவுதான்.

படத்தை லினோவுக்கு மாற்றுவது: நான் விழுந்த இடம்

இங்கே நிதானமாகப் படியுங்கள். முதல் தடவை நான் லினோ மேல் கார்பன் தாள் வைத்து, அதன்மேல் பிள்ளைகளின் படத்தை வைத்து, மேலே கோடு இழுக்கச் சொன்னேன். படம் அச்சு அசலாக லினோவில் விழுந்தது. எல்லோருக்கும் சந்தோஷம். ஒன்றரை மணி நேரம் செதுக்கி, மை தடவி, தாளை உரித்தால் எல்லாம் இடவலம் மாறிக் கிடந்தது. அன்னம் எதிர்ப்பக்கம் போனதைக்கூடப் பிள்ளைகள் மன்னித்துவிட்டார்கள். கீழே ஆசை ஆசையாகச் செதுக்கின பெயர்தான் பிரச்சினை. ஏழு வயசுக்காரி தாளை இப்படியும் அப்படியும் திருப்பிப் பார்த்துவிட்டு, "எதுக்குக்கா எம்பேரு மலையாளமாட்டு இருக்கு?" என்று கேட்டாள். அவள் அண்ணன் சிரித்தான். அவள் அழுதாள்.

அச்சில் தாள் லினோ மேல் முகம் குப்புற விழுகிறது. அதனால் லினோவில் எது இடமோ, தாளில் அது வலம். தமிழ் எழுத்தில் ஃ, ப போன்ற ஒன்றிரண்டைத் தவிர எதுவும் இதற்குத் தப்பாது. ரவிவர்மா அச்சகத்திலும் கல்லில் இடவலம் மாறித்தான் படம் இருந்தாக வேண்டும், நேராக அச்சுக்குக் கொடுக்கும் எல்லாக் கல்லுக்கும் இதே கதைதான். தெரிந்திருந்தும் கோட்டை விட்டேன்.

இதற்குக் கார்பனே தேவையில்லை. மெல்லிய தாளில் 6பி பென்சிலால் அழுத்தி வரையச் சொல்லுங்கள். அந்தத் தாளை லினோ மேல் குப்புறப் போட்டு, நகராமல் டேப் ஒட்டி, முதுகில் ஸ்பூனால் நன்றாகத் தேய்க்க வேண்டும். பென்சில் கரி லினோவில் ஒட்டும். படம் தானாகவே திரும்பி விழும், அச்சில் மறுபடி திரும்பி நேராகிவிடும். லினோவில் பெயரைப் படிக்க முடிந்தால் தப்பு, படிக்க முடியாமல் இருந்தால் சரி. சந்தேகம் என்றால் லினோவைக் கண்ணாடி முன் பிடியுங்கள், கண்ணாடிக்குள் தெரிவதுதான் தாளில் வரும்.

அது முடிந்ததும் கறுப்பாக வர வேண்டிய இடமெல்லாம் மார்க்கரால் நிரப்பிவிடுங்கள். மிச்சத்தைத்தான் வெட்ட வேண்டும். இந்த ஒரு வேலையைச் சோம்பல்பட்டு விட்டால், பாதியில் எதை வெட்டுவது என்று குழம்பி அன்னத்தின் தலையையே எடுத்துவிடுவார்கள்.

செதுக்குவது

லினோவைப் பத்து நிமிஷம் வெயிலில் வையுங்கள், இளகும். ஒரு பலகையின் மேல்பக்கம் ஓர் ஓரத்தில் ஒரு கட்டை, அடிப்பக்கம் எதிர் ஓரத்தில் ஒரு கட்டை அடித்துக்கொள்ளுங்கள். அடிக்கட்டை மேஜை விளிம்பைப் பிடிக்கும், மேல்கட்டை லினோவை நகராமல் தடுக்கும். உளி எப்போதும் உடம்பை விட்டு வெளியே போக வேண்டும். தாங்கும் கை உளிக்குப் பின்னால். வளைவு வந்தால் உளியைத் திருப்பாதீர்கள், லினோவைத் திருப்புங்கள். ஆழமாகக் குத்த வேண்டியதில்லை, தேங்காய்ப் பூ துருவுகிற மாதிரி மெல்லிய சுருளாக வந்தால் போதும்.

பத்து வயசுக்குக் கீழே என்றால் உளியே வேண்டாம். தெர்மோகோல் தட்டில் மை தீர்ந்த பேனாவால் அழுத்தி வரைந்தால் அதே தத்துவம்தான்.

மையும் அச்சும்

மையைக் கொஞ்சமாக, கடலை அளவு. டைல்ஸில் மேலும் கீழும் குறுக்கும் நெடுக்கும் உருட்டுங்கள். காதைக் கொடுத்துக் கேளுங்கள். 'சொதக் சொதக்' என்றால் மை அதிகம், மெல்லிய கோடெல்லாம் அடைத்துப்போகும். சூடான தோசைக்கல்லில் தண்ணீர் தெளித்த மாதிரி 'ஸ்ஸ்' என்று வந்தால் பதம். லினோ மேல் மெல்லியதாக மூன்று நாலு தடவை ஓட்டுங்கள்.

தாளை மேலே வைத்தபின் நகர்த்தக் கூடாது. அகப்பையின் முதுகால் நடுவிலிருந்து ஓரத்துக்கு வட்டம் வட்டமாகத் தேய்க்க வேண்டும். ஒரு முனையைப் பிடித்துக்கொண்டு மறுமுனையைத் தூக்கிப் பாருங்கள். வெளுத்த இடம் இருந்தால் திரும்பப் படுக்கவைத்துத் தேய்க்கலாம். முதல் இரண்டு தாள் எப்போதும் நரைத்துத்தான் வரும். மனம் தளர வேண்டாம்.

கழுவ மண்ணெண்ணெய் வேண்டாம். தேங்காய் எண்ணெய் விட்டுத் துணியால் துடைத்து, அப்புறம் சோப்பு. பிள்ளைகள் கைக்கும் இதேதான்.

பின்சேர்க்கை

இதைப் படித்துவிட்டுச் செய்து பார்த்தவர்கள் சொன்ன இரண்டு சிக்கல்கள்.

திருவனந்தபுரம் வரை போக முடியாது என்றார் தக்கலைக்காரர் ஒருவர். உங்கள் ஊரிலேயே பத்மநாபபுரம் அரண்மனை இருக்கிறதே! இருப்பது தமிழ்நாட்டில், பார்த்துக்கொள்வது கேரளத் தொல்லியல் துறை. பூமுகத்தின் (முகப்பு மண்டபம்) மரக்கூரையில் 90 விதமான பூக்கள் செதுக்கியிருக்கிறார்கள். எது மேடு, எது பள்ளம் என்று காட்ட அதைவிட நல்ல பாடம் இல்லை. அங்கேயும் திங்கள் விடுமுறை.

ஜூன் மழையில் செய்த ஒருவருக்கு ஒரு வாரமாகியும் மை காயவில்லை. அடுக்கி வைத்த தாள்கள் ஒன்றோடொன்று ஒட்டி, எட்டும் போச்சு. ஆப்செட் மை ஈரக்காற்றில் அப்படித்தான். அடுக்காமல், அறைக்குள் கொடி கட்டி கிளிப் போட்டுத் தொங்கவிடுங்கள். ஃபேன் ஓடட்டும். விரல் நுனியால் ஓரத்தில் தொட்டு, கறுப்பு ஒட்டாத அன்றைக்குத்தான் சட்டம் போடக் கொடுக்க வேண்டும்.