நாட்டின் நோய்த் தயார்நிலையைக் கடைமடையில் நின்று அளப்பது எப்படி

மேலூர் பக்கத்து விவசாயியிடம் பெரியாறு அணையில் எத்தனை அடி தண்ணீர் நிற்கிறது என்று சொல்லிப் பாருங்கள். "அது கிடக்கட்டும், கடைமடைக்கு வந்துச்சா?" என்பார். வாய்க்கால் போய் முடிகிற கடைசி வயல்தான் கடைமடை. அந்தப் பக்கம் சுகாதார ஆய்வாளராக வேலை பார்த்து ஓய்வு பெற்றவன் நான். ஒரு நாடு கொள்ளைநோய்க்குத் தயாரா என்று மதிப்பிடப் போகிற பிள்ளைகளும் அப்படித்தான் கேட்க வேண்டும் என்பேன்.

முதலில் காகிதத்தை முடித்துவிடுவோம். உலக சுகாதார நிறுவனத்தின் சர்வதேச சுகாதார விதிமுறைகள் 2005-இல் திருத்தப்பட்டு 2007 ஜூனில் நடைமுறைக்கு வந்தன. அவற்றை ஏற்ற நாடுகள் ஆண்டுதோறும் தமக்குத் தாமே மதிப்பெண் போட்டு அனுப்ப வேண்டும். விரும்பினால் வெளி நிபுணர்களை அழைத்துக் கூட்டு மதிப்பீடும் செய்துகொள்ளலாம். 2016 முதல் இது நடக்கிறது, இலங்கை 2017-இல் செய்துகொண்டது. தடுப்பூசி, ஆய்வகம், நோய்க் கண்காணிப்பு, விலங்குகளிடமிருந்து தொற்றும் நோய் என்று 19 துறைகள். 1 வாங்கினால் சிவப்பு, 2, 3 மஞ்சள், 4, 5 பச்சை.

பச்சையைப் பார்த்து மயங்காதீர்கள். 2019-இல் வந்த உலகளாவிய தயார்நிலைப் பட்டியல் ஒன்றில் 195 நாடுகளில் அமெரிக்காதான் முதலிடம். அடுத்த வருஷமே கொரோனாவில் அங்கே என்ன நடந்தது என்று எல்லோரும் பார்த்தோம்.

சரி, வேறென்ன பார்ப்பது? ஒரே ஒரு நோயைப் பிடித்துக்கொண்டு பின்னாலேயே போங்கள். ஒரு கிராமத்தில் வயிற்றுப்போக்கு பரவியது என்று வைத்துக்கொள்வோம். முதல் ஆளுக்கு எந்தத் தேதியில் வந்தது, யார் எப்போது கண்டுபிடித்தார், மேலே எப்போது சொன்னார், தடுப்பு வேலை எப்போது முழுமையாக நடந்தது: இந்தத் தேதிகளை எழுதி வாங்குங்கள். கண்டுபிடிக்க 7 நாள், தெரிவிக்க 1 நாள், முதற்கட்ட நடவடிக்கைக்கு 7 நாள் என்பதுதான் இப்போது உலகம் வைத்திருக்கும் இலக்கு. எங்கே இழுத்தது என்று கேட்டால் "நெட் இல்ல சார்", "கையெழுத்துப் போடுறவர் லீவு" என்று வரும். அதையும் அப்படியே எழுதிக்கொள்ளுங்கள். நாட்டின் உண்மையான ஓட்டை அங்கேதான் இருக்கும்.

நம் நாட்டில் கிராம சுகாதார செவிலியர் அறிகுறியை வைத்தும், மருத்துவர் சந்தேகத்தை வைத்தும், ஆய்வகம் உறுதிசெய்தும் தனித்தனியாகத் தகவல் அனுப்புவார்கள். அதில் பூஜ்யம் போட்ட வாரங்களை முதலில் தேடுங்கள். ஐப்பசி அடைமழையில் ஒரு ஆரம்ப சுகாதார நிலையத்தில் காய்ச்சலே இல்லை என்றால் நம்ப முடியுமா? ஓ.பி. நோட்டை வாங்கிப் புரட்டுங்கள். அப்புறம் எதிரே உள்ள மெடிக்கல் கடையில் போய் நில்லுங்கள். பாதிப் பேர் அங்கேயே மாத்திரை வாங்கி விழுங்கிவிட்டு வேலைக்குப் போயிருப்பார்கள். அவர்கள் எந்தக் கணக்கிலும் வருவதில்லை.

குடிநீரும் இப்படித்தான். மேல்நிலைத் தொட்டியடியில் குளோரின் பார்த்தால் சோதனைக் குழாயில் மஞ்சள் நன்றாகவே ஏறும். கடைசித் தெருக் குழாயில் பிடியுங்கள். அங்கே லிட்டருக்கு 0.2 மில்லிகிராமாவது இருக்க வேண்டும். நிறமே ஏறவில்லையென்றால் தொட்டியடிக் கணக்கை வைத்து ஒன்றும் ஆகப்போவதில்லை.

கால்நடை மருத்துவரின் செல் நம்பர் மனிதருக்கு வைத்தியம் பார்க்கும் டாக்டரிடம் இருக்கிறதா என்று கேளுங்கள். அவசரத்துக்குப் பணம் எடுக்க யார் கையெழுத்து வேண்டும், எத்தனை நாள் ஆகும் என்பதையும் கேட்டுவிடுங்கள்.

ஒத்திகை நடத்திய போட்டோக்களைக் காட்டுவார்கள். நல்லது. அதைவிட, உண்மையில் நடந்த ஒன்றை எடுங்கள். 2022 சித்திரைத் திருவிழாவில் அழகர் ஆற்றில் இறங்கிய அன்று நெரிசலில் 2 பேர் இறந்தார்கள். இப்படி ஒன்று நடந்த ஊரில் கேட்க வேண்டியது ஒன்றுதான்: அடுத்த ஆண்டுத் திட்டத்தில் எந்த வரி மாறியது? அந்த வரியைக் காட்டச் சொல்லுங்கள்.

மதிப்பெண் போடும்போது, 4-க்கான அம்சங்கள் சில இருந்தும் 3-க்கானதில் ஒன்று குறைந்தால் 2தான். இதற்குச் சண்டை வரும். "கொஞ்சம் பாத்துப் போடுங்க" என்று டீயும் வடையும் வரும். சாப்பிடுங்கள், 2-ஐ மட்டும் மாற்றாதீர்கள்.