கறுப்புப் பட்டையை நீக்கப் போய்ப் படத்தை இழக்க வேண்டாம்

இன்றைய தொலைக்காட்சிகள் ஏறத்தாழ அனைத்தும் 16:9 (அதாவது 1.78) என்ற அகல-உயர விகிதத்தில் இருக்க, திரைப்படங்களோ 1.37, 1.85, 2.39 எனப் பல விகிதங்களில் அமைவதால், மேலும் கீழுமோ இருபுறமுமோ கறுப்புப் பட்டைகள் தோன்றுவது இயல்பே. அதைக் குறையென்று எண்ணி ஜூம் செய்து திரையை நிரப்புவதுதான் மிகப் பரவலான தவறு. ஸ்கோப் எனப்படும் 2.39:1 அகலப் படத்தை அவ்வாறு நிரப்பினால் அகலத்தில் கால் பங்கு வெட்டுப்படும். இரு ஓரங்களில் எதிரெதிராக நின்று பேசுவோரின் முதுகும் தோளும் காணாமற்போய், சில காட்சிகளில் முகமே பாதியாகிவிடும். பழைய 4:3 படத்தைப் பக்கவாட்டில் இழுப்பது அதைவிட மோசம், ஏனெனில் எல்லா முகமும் மூன்றில் ஒரு பங்கு பருத்துப்போகும்.

ஜூமைத் தொடாதவர்கள்கூட ஓவர்ஸ்கேனைக் கவனிப்பதில்லை. சில தொலைக்காட்சிகள் தாமாகவே ஓரங்களைச் சிறிது வெட்டிவிடுகின்றன. அமைப்புகளில் அதை ஒருமுறை அணைத்துவிட்டால் போதும்.

ப்ரொஜெக்டர் வாங்குவோர் செய்யும் தவறுதான் செலவு மிக்கது. ஸ்கோப் திரையின் கம்பீரத்தில் மயங்கி, சுவரை அளக்காமலே 2.39 திரையை மாட்டிவிடுகிறார்கள். சுவரின் அகலம்தான் தடையென்றால், அதே அகலமுள்ள 16:9 திரையிலும் ஸ்கோப் படம் அதே அளவில்தான் தெரியும். மற்ற படங்களுக்கோ கூடுதல் உயரம் கிடைக்கும். உயரம் தடையாக இருக்கும் அறைக்கே ஸ்கோப் திரை பொருந்தும்.

அப்போதும் இரண்டு சிக்கல்களை முன்கூட்டியே யோசிக்க வேண்டும். ஸ்கோப் திரையை நிரப்ப ப்ரொஜெக்டர் லென்ஸை ஜூம் செய்து படத்தைப் பெரிதாக்கும்போது கறுப்புப் பட்டைகள் திரைக்கு வெளியே சுவரில் விழுவதால், பட்டைக்குள் வரும் சப்டைட்டிலும் சுவரில் விழும். அதை மேலே நகர்த்தும் வசதி பிளேயரில் உண்டா என்று வாங்குமுன் பார்ப்பது நல்லது. ‘தி டார்க் நைட்’ ப்ளூ-ரேவைப் போல ஐமேக்ஸ் காட்சிகளில் மட்டும் படம் உயர்ந்து 1.78 ஆகும் வட்டுகளிலோ, சப்டைட்டில் மட்டுமல்ல, படமே திரையின் மேலும் கீழும் வழியும். அத்தகைய படங்களை விரும்பிப் பார்ப்பவருக்கு 16:9 திரையே தொல்லையற்றது என்பது என் கருத்து.