பழைய பாய்மரப் போர்க்கப்பலின் வரலாற்றைத் தேடுவது எப்படி?

பெயரை மட்டும் நம்பித் தேடாதீர்கள். பிரிட்டிஷ் கடற்படை ஒரே பெயரைப் பல கப்பல்களுக்கு வைத்திருக்கிறது, அதனால் கப்பல் நீரில் இறங்கிய ஆண்டையும் பீரங்கி எண்ணிக்கையையும் முதலில் குறித்துக்கொள்ளுங்கள். உதாரணத்துக்கு பெல்லரோஃபோன்: 1786, 74 பீரங்கிகள். 1798இல் நைல் போரிலும் 1805இல் டிரஃபால்கர் போரிலும் சண்டையிட்டது; 1815 ஜூலையில் நெப்போலியன் சரணடைந்ததும் இதில்தான். அப்புறம் அதைக் கைதிக் கப்பலாக்கி, 'கேப்டிவிட்டி' என்று பெயரையும் மாற்றிவிட்டார்கள், எனக்கு இன்னும் மனசு ஆறவில்லை. ஆகவே பெயர் மாற்றத்தையும் தேடுங்கள்.

சரி, மூல ஆவணங்கள் லண்டன் கியூவில் உள்ள தேசிய ஆவணக் காப்பகத்தில் இருக்கின்றன: கேப்டனின் பதிவேடு ஏடிஎம் 51 என்ற ஆவண வரிசையில், மாஸ்டருடையது (கப்பலின் வழியைக் கணிக்கும் அதிகாரி) ஏடிஎம் 52இல். இரண்டையும் ஒப்பிட்டுப் படியுங்கள். தேதியில் கவனம்! 1805க்கு முன் கடலில் எழுதிய பதிவேடுகளில் நாள் நண்பகலில் தொடங்கும். 1ஆம் தேதி மாலை நடந்தது 2ஆம் தேதியின் கீழ் இருக்கும்.