கொங்குப் பெருவழியில் தேடப் போகிறவர்களுக்கு

போன வாரம் கொடுமணல் அகழாய்வு இடத்தைப் பார்த்துவிட்டு வந்த இளைஞர் ஒருவர் சட்டைப்பையிலிருந்து ஒரு சூதுபவள (செந்நிறக் கல்) மணியை எடுத்து என் மேசையில் பெருமையாக உருட்டினார். எரிச்சல் வந்தது. அவர்மேல் அல்ல, அந்த வயதில் இருந்த என்மேல். கொங்கு நாட்டின் பழைய வணிக வழியைத் தேடிப் போகிறவர்கள் செய்யும் தவறுகளை மட்டும் சொல்கிறேன். தொப்பி, தண்ணீர் பற்றியெல்லாம் நான் சொல்லத் தேவையில்லை.

பொறுக்கிக்கொண்டு வருவது

நொய்யலின் வடகரையில் உள்ள கொடுமணலைத்தான் பதிற்றுப்பத்து 'கொடுமணம்' என்கிறது என்பது ஆய்வாளர் கருத்து. இங்கே இரும்பு உருக்கினார்கள், வண்ணக்கற்களை அறுத்து மணி செய்தார்கள். மணி செய்தார்கள் என்பது எப்படித் தெரிந்தது? முடிந்த மணி, துளையிடாத மணி, பாதியில் உடைந்தது, கழிவுச் சில்லு எல்லாம் சேர்ந்தே அகழாய்வில் கிடைத்ததால். ஒற்றை மணியை வைத்து எதையும் சொல்ல முடியாது. அது எந்த ஊரில் செய்ததாகவும் இருக்கலாம்.

நான் எடுத்து வந்தது கீறல் குறியீடு உள்ள ஒரு கருப்பு-சிவப்புப் பானை ஓடு. கைக்குட்டையில் முடிந்து பத்திரமாகக் கொண்டுவந்தேன். பல மாதம் கழித்து அதைப் பார்த்த கல்வெட்டு அறிஞர் ஒருவர் கேட்டது ஒன்றுதான்: "எந்தக் காட்டில் கிடந்தது, தம்பி?" (கொங்கில் மானாவாரி நிலத்துக்குக் காடு என்றே பெயர்.) திரும்பிப் போய்த் தேடினேன். உழுது, வரப்பை மாற்றி, தென்னங்கன்று வைத்திருந்தார்கள். ஓடு இன்னும் என் இழுப்பறையில் இருக்கிறது, எதற்கும் சாட்சி சொல்லாமல்.

கிடந்த இடத்திலேயே அளவுகோலோடு படம் எடுங்கள், இடத்தைக் குறித்துக்கொள்ளுங்கள், தொல்லியல் துறைக்குச் சொல்லுங்கள். காசுப் புதையல் என்றால் 1878ஆம் ஆண்டுச் சட்டமே இருக்கிறது. பத்து ரூபாய் மதிப்பைத் தாண்டினாலே ஆட்சியருக்குத் தெரிவிக்க வேண்டும்.

ரோமக் காசு கண்டதும் ரோமர் குடியிருப்பு என்று எழுதுவது

காசு கைமாறும். கரூரில் அமராவதி மணலில் கிடைத்ததும் அப்படி வந்ததாக இருக்கலாம்.

கல்வெட்டில் சாக்பீஸ் தேய்ப்பது

கூடாது.

அடிக்கோலால் வழி போடுவது

மேற்குக் கடற்கரையின் பழந்துறைமுகமான முசிறிக்கும் கரூருக்கும் இடையே நேர்கோடு கிழித்துவிடுகிறார்கள். சுமைப்பொதியோடு போகும் சாத்து (வணிகர் கூட்டம்) மலையேறாது. சுமார் 30 முதல் 40 கிலோமீட்டர் அகலமுள்ள பாலக்காட்டுக் கணவாயில் புகுந்து, ஆற்றுநீரை ஒட்டிக் கிழக்கே வரும். கோவையை அடுத்த சுண்டக்காமுத்தூர் அருகே பாறையில் 'இராசகேசரிப் பெருவழி' என்று பெயரே வெட்டியிருக்கிறது. ஆனால் அது சோழர் காலத்து எழுத்து. ரோம வணிகம் ஓய்ந்து பல நூற்றாண்டுகள் கழித்து வெட்டியது. அதைக் காட்டிச் 'சங்ககாலச் சாலைப் பலகை' என்று ஒருவர் முழங்கிய கூட்டத்தில், முன்வரிசையில் உட்கார்ந்து கைதட்டியவர்களில் நானும் ஒருவன்.