அட்டவணையைப் பார்த்து மழைக்கோட்டு தைக்காதீர்கள்

போன வாரம் பழைய வண்ணாரப்பேட்டையில் இருக்கும் எங்கள் பட்டறைக்கு இரண்டு பையன்கள் வந்தார்கள். டெலிவரி ஓட்டுபவர்களுக்கு மழைக்கோட்டு தைக்கப் போகிறார்களாம். "அண்ணா, இந்தத் துணி 20,000 பிரீத்தபிலிட்டி" என்று ஒருவன் சாம்பிளையும் அதன் அட்டவணையையும் நீட்டினான். துணி வியர்வை ஆவியை வெளியே விடும் திறனைத்தான் அப்படிச் சொல்வார்கள். எனக்கு வயிறு கலங்கியது. பத்து வருடத்துக்கு முன் நான் பேசிய அதே பேச்சு.

அளவு தப்புவது, துணியைத் திருப்பிப் போட்டு வெட்டுவது எல்லாம் கை பழகினால் சரியாகிவிடும். அதை விடுங்கள். கை பழகினாலும் போகாத தவறுகளைச் சொல்கிறேன்.

குளிர் ஊர்க் கணக்கை நம்புவது

20,000 என்றால், ஒரு சதுர மீட்டர் துணி வழியே 24 மணி நேரத்தில் அத்தனை கிராம் நீராவி வெளியேறும் என்று அர்த்தம். பொய்யில்லை, ஆனால் ஆய்வகத்தில் எடுத்த கணக்கு. மெம்பிரேன், அதாவது தண்ணீரைத் தடுத்து ஆவியை விடும்படி துணியில் ஒட்டிய மெல்லிய படலம், வியர்வையைத் தானாக வெளியே தள்ளாது. உள்ளே நீராவி அழுத்தம் அதிகம், வெளியே குறைவு. அந்த வித்தியாசம்தான் தள்ளுகிறது. வியர்த்த தோல் 35 டிகிரியில் இருந்தால் அங்கே நீராவி அழுத்தம் சுமார் 5.6 கிலோபாஸ்கல். 5 டிகிரி குளிரில், கொட்டும் மழையிலும் வெளியே 0.9ஐத் தாண்டாது. ஐப்பசி மழையில் காசிமேட்டில் 26 டிகிரி, 90 சதவீத ஈரப்பதம் என்றால் வெளியிலேயே 3. தள்ளுகிற விசை கிட்டத்தட்ட பாதியாகிவிடுகிறது. மேல்துணி ஊறிப்போனால் மிச்சமும் போச்சு.

இது புரியாமல் விசைப்படகுக்காரர்களுக்கு மெம்பிரேன் துணியில் 40 கோட்டு தைத்தேன். ஒரு பெரியவர் கழற்றி உதறினார், உள்ளேயிருந்து தண்ணீர் சொட்டியது. ஒரு தையல்கூட ஒழுகவில்லை, அத்தனையும் வியர்வை. "தம்பி, நனைஞ்சா குளுருது. இதப் போட்டா வேகுது" என்றார். அடுத்த முறை போனால் பாதிப் பேர் மீன் கத்தியால் கக்கத்தைக் கிழித்து வைத்திருந்தார்கள். கோபம் வந்தது. அப்புறம்தான் உறைத்தது, என் டிசைனைவிட அந்தக் கிழிசல் நல்ல டிசைன். இப்போது சாதாரண பியூ (பாலியூரித்தேன்) பூசிய கோட்டிங் துணிதான் போடுகிறேன்: கக்கத்தில் ஒரு சாண் திறப்பு, முதுகு மடிப்புக்குள் வலைத்துணி, உடம்பில் ஒட்டாத தொளதொள வெட்டு. இமயமலை ஏறுபவருக்கு மெம்பிரேன் சரி. ராயபுரத்தில் பைக் ஓட்டுபவருக்கு எதற்கு?

தையல்

ஊசி ஏறிய ஒவ்வொரு துளையும் ஒழுகும். தையல் மேல் ஒட்டும் நீர்புகா நாடாவான சீம் டேப் ஒட்டுங்கள்.

ஜிப்

உப்புக் காற்றில் உலோக ரன்னர் இறுகிப்போகும்.

குடோன்

பாலியெஸ்டர் வகை பியூ கோட்டிங் ஈரக் காற்றில் நாளாக ஆகச் சிதையும். பாலியீதர் வகையாகக் கேட்டு வாங்குங்கள், தேவைக்கு மேல் வாங்காதீர்கள். மலிவாகக் கிடைத்ததென்று நான் வாங்கி அடுக்கிய ஆரஞ்சு ரோல் ஒன்று, பிசுபிசுவென்று ஒட்டிப்போய் இன்னமும் மாடிப்படிக்கு அடியில் கிடக்கிறது.