சைபர் குற்ற வழக்கறிஞராக விரும்புவோர் பழக வேண்டியவை

சைபர் குற்ற வழக்குகளை நடத்த விரும்பும் இளைஞர்கள் பலர் நிரல் எழுதக் கற்பதிலிருந்து தொடங்குகிறார்கள். அதில் தவறில்லை; ஆயினும் இவ்வழக்குகளில் பல, மின்னணுப் பதிவோடு தாக்கல் செய்யும் ஒற்றைச் சான்றிதழில்தான் நிலைக்கின்றன அல்லது சரிகின்றன.

படிப்பைப் பொறுத்தவரை வேறு வழக்கறிஞர்களுக்கு உள்ள பாதைதான்: பிளஸ் டூவுக்குப் பின் ஐந்தாண்டு அல்லது பட்டத்துக்குப் பின் மூன்றாண்டுச் சட்டப்படிப்பு, பார் கவுன்சில் பதிவு, அகில இந்திய பார் தேர்வு. சைபர் சட்டப் பட்டயம் உதவும்; கட்டாயமில்லை.

தகவல் தொழில்நுட்பச் சட்டம், 2000-ஐ வாசித்ததும் சாட்சியச் சட்டத்துக்கு வந்துவிடுங்கள். மின்னணுப் பதிவுகளைச் சான்றாக ஏற்பது பற்றிய, பழைய சட்டத்தின் 65பி பிரிவு இருந்த இடத்தில், 2024 ஜூலை 1 முதல் பாரதிய சாக்ஷிய அதினியம் என்ற புதிய சாட்சியச் சட்டத்தின் 63ஆம் பிரிவு இருக்கிறது. அசல் கருவியை முன்னிலைப்படுத்தாமல் நகலை மட்டும் தாக்கல் செய்தால் சான்றிதழ் தேவை என்று அன்வர் வழக்கில் 2014இல் உச்ச நீதிமன்றம் கூறியது. 2018இல் அந்நிலை தளர்ந்தது. 2020இல் அர்ஜுன் பண்டித்ராவ் வழக்கில் மீண்டும் இறுகியது. முதல் தீர்ப்பையும் கடைசித் தீர்ப்பையும் சுருக்கமாக அல்லாமல் முழுமையாகப் படிக்க வேண்டும்.

புதிய சான்றிதழின் முதல் பகுதியைத் தரப்பினரும் இரண்டாம் பகுதியை வல்லுநரும் நிரப்ப வேண்டும். ஹேஷ் மதிப்பையும் (கோப்பின் உள்ளடக்கத்திலிருந்து கணக்கிடப்படும், கைரேகை போன்ற குறியீடு) அதைக் கணக்கிட்ட முறையையும் குறிப்பிட வேண்டும். இதை வாசித்துப் புரிந்துகொள்வதைவிடச் செய்துபார்ப்பதே மேல். உங்கள் பென் டிரைவில் உள்ள ஓர் எழுத்துக் கோப்புக்கு எஸ்எச்ஏ256 என்ற முறையில் ஹேஷ் மதிப்பைக் கணக்கிட்டு, ஒரேயோர் எழுத்தை மாற்றி மறுபடியும் கணக்கிடுங்கள்; மதிப்பு அடியோடு மாறியிருக்கும். இதைத் தம் கையால் செய்தவர், "கைப்பற்றிய அன்றே ஹேஷ் எடுத்தீர்களா? ஆய்வகம் சென்றடையும் வரை கருவி யார் பொறுப்பில் இருந்தது?" என்று குறுக்கு விசாரணையில் தயங்காமல் கேட்பார்.

கட்சிக்காரர் பெரும்பாலும் வாட்ஸ்அப் உரையாடலின் அச்சுப்பிரதியோடுதான் வருவார். கைபேசியை விற்கவோ, ரீசெட் செய்யவோ, உரையாடலை அழிக்கவோ கூடாது என்பதே அவருக்கு நீங்கள் சொல்லும் முதல் ஆலோசனையாக இருக்கட்டும். பணம் பறிபோயிருந்தால், மனு எழுத உட்காருமுன் 1930 என்ற எண்ணை அழைக்கச் செய்யுங்கள். பணம் அடுத்தடுத்த கணக்குகளுக்கு மாறிவிடுமுன் நிறுத்திவைக்க அதுவே வழி.

வல்லுநராகச் சாட்சி சொல்வதும் தனித் தொழிலாகவே வளர்ந்திருக்கிறது. யாகூ குழுவொன்றில் ஒரு பெண்ணைப் பற்றி வெளியான ஆபாசச் செய்திகள் தொடர்பாக 2004இல் சென்னை எழும்பூர் நீதிமன்றம் தண்டனை விதித்த வழக்கில், 65பி சான்றிதழ் அளித்த தனியார் வல்லுநர் அரசுத் தரப்புச் சாட்சியாக இருந்தார். ஆனால் ஒரே வழக்கில் இரண்டு வேடமும் பொருந்தாது: தாம் சாட்சியாகக்கூடும் என்று கருதும் வழக்கை வழக்கறிஞர் ஏற்கக் கூடாது என்பது இந்திய பார் கவுன்சிலின் விதி. ஆகவே சான்றிதழின் இரண்டாம் பகுதியில் நீங்கள் கையெழுத்திட நேருமானால், அந்த வழக்கில் வக்காலத்து தாக்கல் செய்யாதீர்கள்.